பணம் வருதோ இல்லையோ, பச்சை வரட்டும்!

உங்கள் வீட்டு ஹாலை ஒரு தடவை சுற்றிப் பாருங்கள். ஷோகேஸ் மேலேயோ, ஃபிரிட்ஜ் மேலேயோ, ஜன்னல் ஓரத்திலோ பழைய ஜாம் பாட்டில் ஒன்று நிற்கிறதா? அதில் பாதித் தண்ணீர். அதிலிருந்து ஒரு மணி பிளான்ட் கொடி எழுந்து, நூல் கட்டி, ஆணி அடித்து, சுவரில் மாட்டிய சாமி படம் வரைக்கும் போயிருக்கிறதா? அப்படியென்றால் இந்தக் கட்டுரை உங்களுக்காகத்தான்.

"அட, மணி பிளான்ட்டுக்கு என்ன பெரிய வளர்ப்பு? தண்ணியில போட்டா தானா வளரும்" என்கிறீர்களா? தானாக வளரும், வாஸ்தவம். ஆனால் அதோடு கூட வேறு எதுவும் தானாக வளராமல் பார்த்துக்கொள்ள வேண்டுமே! எங்களுக்குத் தெரிந்த ஒரு குடும்பத்தில் நடந்ததைக் கேளுங்கள்.

அடுக்குமாடிக் குடியிருப்பில் மூன்றாவது மாடி. ஐப்பசி மழை சமயம். பேரனுக்குக் காய்ச்சல். இரண்டு நாள் மாத்திரைக்குப் பிறகும் இறங்கவில்லை. ரத்தப் பரிசோதனை செய்து 'டெங்கு' என்று சொல்லிவிட்டார் டாக்டர். வீட்டில் எல்லோருக்கும் ஆச்சரியம். "டேங்க்கை மூடித்தான் வச்சிருக்கோம். குடம் குடமா தண்ணி பிடிச்சு வைக்கிற பழக்கமும் இல்லை. இவ்வளவு உசரத்துல கொசு எங்கேருந்து வந்தது?"

கொசு ஒழிப்புப் பணிக்காக ஒரு பெண் ஊழியர் வந்தார். பாத்ரூம் பார்த்தார், பால்கனி பார்த்தார். கடைசியில் ஷோகேஸ் மேலிருந்த மணி பிளான்ட் பாட்டிலை எடுத்து வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். "பாட்டி, இங்கே பாருங்க" என்றார். வேர்களுக்கு நடுவில் சின்னச் சின்னப் புழுக்கள் நெளிந்து நெளிந்து மேலும் கீழும் போய்க்கொண்டிருந்தன.

பாட்டிக்கு முகமே செத்துவிட்டது. ஆறு வருஷமாக அவர் பிள்ளை மாதிரி வளர்த்த கொடி அது. "குறையக் குறைய ஊத்தினேனே தவிர, ஒரு நாளும் தண்ணிய மாத்தலையேம்மா" என்றார். மருமகள், "பேசாம தூக்கிப் போட்டுடலாம் அத்தை" என்றார்.

பையன் தேறிவிட்டான். ஆனால் அந்தக் கேள்வி பாக்கி இருக்கிறது. தூக்கிப் போடத்தான் வேண்டுமா? வேண்டவே வேண்டாம்! அந்தக் கொடியைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்துகொண்டால் போதும்.

எங்கிருந்து வந்தது இந்தக் கொடி?

பெயர் ஆங்கிலத்தில் இருப்பதால் இங்கிலாந்திலிருந்து வந்தது என்று நினைத்துவிடாதீர்கள். பசிபிக் பெருங்கடலில், பிரெஞ்சு பாலினேசியாவைச் சேர்ந்த மூரியா என்ற குட்டித் தீவுதான் இதன் பிறந்த வீடு. 1880-ல் தாவரவியல் அறிஞர்கள் இதற்கு முதன்முதலாகப் பெயர் வைத்தார்கள். இன்றைய தாவரவியல் பெயர் 'எபிப்ரெம்னம் ஆரியம்'. 'ஆரியம்' என்றால் பொன்னிறம் என்று அர்த்தம். இலையில் தெறித்திருக்கும் மஞ்சள் திட்டுகளுக்காக வந்த பெயர்.

சொந்த ஊரில் இது பெரிய மரங்களின் நிழலில் முளைத்து, அடிமரத்தைப் பிடித்து ஏறும் கொடி. 20 மீட்டர் உயரம் வரை ஏறும். அப்போது ஒவ்வொரு இலையும் முறம் அளவுக்குப் பெரிதாகி, ஓரங்களில் வெட்டு விழுந்து, 'இது மணி பிளான்ட்டா?' என்று நம்மையே கேட்க வைக்கும். பூங்காக்களில் பழைய மரங்களில் ஏறிய கொடியைப் பார்த்தவர்களுக்கு இது தெரிந்திருக்கும்.

இன்னொரு அதிசயம்: இந்தக் கொடி பூப்பது மிக மிக அபூர்வம்! பூ பூக்கத் தேவையான ஜிப்பெரெலின் என்ற ஹார்மோனை இதனால் சரியாகத் தயாரிக்க முடியவில்லை என்று 2016-ல் வெளியான ஓர் ஆய்வு கண்டுபிடித்தது. அந்த ஹார்மோனை வெளியிலிருந்து கொடுத்ததும் செடி பூத்தது. பூ இல்லை, அதனால் விதை இல்லை. ஒருவர் கிள்ளிக் கொடுக்க, இன்னொருவர் நட்டு வைக்க, இப்படிக் கை மாறிக் கை மாறியேதான் உலகம் முழுவதும் பரவியிருக்கிறது. 'திருடி வச்சாத்தான் மணி பிளான்ட் வளரும்' என்று சொல்வார்களே, அதன் ரகசியமும் இதுதான். கேட்டு வாங்கினாலும் வளரும், கிள்ளி எடுத்தாலும் வளரும். ஒரு கணு இருந்தால் போதும். ஆகவே தயவுசெய்து பக்கத்து வீட்டு அக்காவிடம் கேட்டே வாங்கிக்கொள்ளுங்கள்!

மேலே சொன்னதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். மர நிழல், மிதமான சூடு, ஈரக்காற்று, வடிந்து போகும் மண், பிடித்து ஏற ஒரு கொம்பு. வீட்டுக்குள் நாம் செய்ய வேண்டியதெல்லாம் இந்த ஐந்திலிருந்தே வருகிறது.

வெளிச்சம்: வெயில் வேண்டாம், இருட்டும் வேண்டாம்

ஜன்னலிலிருந்து மூன்று நான்கு அடி தள்சி வைத்தால் பெரும்பாலான வீடுகளில் சரியாக இருக்கும். ஓர் எளிய சோதனை சொல்கிறோம். பகலில் விளக்குப் போடாமல், செடி இருக்கும் இடத்தில் நின்று பத்திரிகை படிக்க முடிகிறதா? முடிந்தால் அந்த வெளிச்சம் இதற்குப் போதும்.

உச்சி வெயில் நேராக விழுந்தால் இலை வெளுத்து, தீய்ந்தது போலப் பழுப்புத் திட்டு விழும். மேற்குப் பார்த்த ஜன்னல் என்றால் மெல்லிய திரைச்சீலை போடுங்கள். வெளிச்சம் ரொம்பவும் குறைந்தால் செடி சாகாது. ஆனால் மஞ்சள் திட்டு மறைந்து இலை முழுப் பச்சையாகிவிடும். இலைக்கும் இலைக்கும் நடுவே இடைவெளி நீண்டு, கொடி 'சவசவ' என்று இளைத்துப் போகும். அப்போது இடத்தை மாற்றுங்கள். தென்கிழக்கில்தான் வைக்க வேண்டும் என்று நம்புகிறவர்கள் தாராளமாக வைக்கலாம், அந்த மூலையில் வெளிச்சம் இருந்தால்!

ஏ.ஸி. அறையில் வைக்கலாம். ஆனால் குளிர்காற்று நேராக இலையில் அடிக்கும்படி வைக்காதீர்கள். நுனி காய்ந்துவிடும். 18 டிகிரி முதல் 30 டிகிரி செல்சியஸ் வரை இதற்கு சௌகரியம். நம் ஊர்க் கோடையையும் நிழலில் இருந்தால் தாங்கிக்கொள்ளும். ஊட்டி, கொடைக்கானல் வாசகர்கள் பனிக்காலத்தில் ஜன்னல் கண்ணாடியை ஒட்டி வைக்க வேண்டாம்.

தண்ணீர்: விரலைக் கேளுங்கள்

தொட்டியில் இருக்கும் மணி பிளான்ட்டுகள் தாகத்தால் சாவதை விட, அன்பினால் சாவதுதான் அதிகம். தினமும் காலையில் காபி போடும்போது அதற்கும் ஒரு டம்ளர் ஊற்றுவது பலர் வழக்கம். மண்ணில் எப்போதும் தண்ணீர் நின்றால் வேருக்குக் காற்று கிடைக்காது. மூச்சு முட்டி அழுகும். அழுகின வேரால் தண்ணீரை உறிஞ்ச முடியாததால் இலை வாடும். 'வாடுதே' என்று நாம் இன்னும் ஒரு டம்ளர் ஊற்றுவோம். கதை முடிந்தது!

நாள் கணக்கு வேண்டாம். ஆள்காட்டி விரலை மண்ணில் முதல் கணு வரை, அதாவது ஓர் அங்குலம், விட்டுப் பாருங்கள். ஈரம் தட்டினால் விட்டுவிடுங்கள். காய்ந்திருந்தால் தொட்டியின் அடித் துளை வழியே வடியும் அளவு ஊற்றுங்கள். கோடையில் வாரம் இரண்டு முறை தேவைப்படலாம், மழைக்காலத்தில் பத்து நாளுக்கு ஒரு முறையே போதும். வடிந்த தண்ணீரை அடித் தட்டில் நிற்க விடாமல் அரை மணி நேரத்தில் கொட்டிவிடுங்கள். இது வேருக்காக மட்டும் அல்ல. அந்தத் தட்டும் கொசுவுக்குத் தொட்டில்தான்.

ஆர்.ஓ. இயந்திரத்திலிருந்து கழிவாக வரும் தண்ணீர் வேண்டாம். அதில் உப்பு சேர்ந்திருக்கும். மண்ணில் வெள்ளைப் பொருக்கு படிந்து, இலை நுனி கருகும். ஆறிய டீ, மிச்சப் பால், இவையும் வேண்டாம். எறும்பும் குட்டி ஈக்களும்தான் வரும்.

மண்ணும் உரமும்

செம்மண் ஒரு பங்கு, ஆற்று மணல் ஒரு பங்கு, நன்றாக மக்கிய சாண எரு அல்லது மண்புழு உரம் ஒரு பங்கு. மணல் கிடைக்காவிட்டால் தேங்காய் நார்த்தூள் போடலாம். தொட்டியின் அடியில் துளை கட்டாயம் இருக்க வேண்டும். துளையை ஓர் ஓட்டுச் சில்லால் லேசாக மறைத்து, மேலே மண் போடுங்கள். துளையில்லாத பீங்கான் ஜாடி அழகாகத்தான் இருக்கும். ஆசையாக இருந்தால் சின்னத் துளைத் தொட்டியை அதற்குள் இறக்கி வையுங்கள்.

உரம் மாதம் ஒரு பிடி மண்புழு உரம் போதும். கடையில் வாங்கும் திரவ உரம் என்றால் பாக்கெட்டில் போட்டிருப்பதில் பாதி அளவு. குளிர் மாதங்களில் அதுவும் வேண்டாம். ஒன்று அல்லது இரண்டு வருஷத்துக்கு ஒரு முறை, அடித் துளை வழியே வேர் எட்டிப் பார்க்க ஆரம்பித்ததும், ஒரு சுற்றுப் பெரிய தொட்டிக்கு மாற்றுங்கள்.

ஏறினால் பெரிசு, தொங்கினால் சிறிசு

இந்தக் கொடியைத் தொங்க விட்டால் இலை சிறுத்துக்கொண்டே போகும். ஏற விட்டால் பெருத்துக்கொண்டே போகும். பெரிய இலை வேண்டும் என்பவர்கள் தொட்டியின் நடுவில் ஒரு பிளாஸ்டிக் பைப்பை நட்டு, தேங்காய் நாரை வைத்துக் கயிற்றால் இறுக்கிச் சுற்றுங்கள். கொடியை அதில் லேசாகக் கட்டிவிட்டு, நாரில் அவ்வப்போது தண்ணீர் தெளியுங்கள். கணுக்களிலிருந்து வரும் வேர், ஈரமான நாரைப் பிடித்துக்கொள்ளும். பிறகு அதுவே ஏறும்.

அடியில் மொட்டையாகி, நுனியில் மட்டும் நாலு இலை இருக்கிறதா? பயப்படாமல் வெட்டுங்கள். வெட்டின இடத்துக்குக் கீழே உள்ள கணுவிலிருந்து புதுத் துளிர் கிளம்பும். வெட்டின துண்டுகளையும் அதே தொட்டியில் நட்டால், தொட்டி புதர் மாதிரி நிறையும்.

துண்டு எப்படி வெட்டுவது? இரண்டு மூன்று இலையும், குறைந்தது ஒரு கணுவும் இருக்க வேண்டும். கணுவுக்கு அரை அங்குலம் கீழே வெட்டுங்கள். கணுவில் சின்னப் பழுப்புக் குமிழ் தெரிகிறதே, அதுதான் வேர் வரும் இடம். அது தண்ணீருக்குள் இருக்க வேண்டும், இலை தண்ணீருக்கு வெளியே இருக்க வேண்டும். இரண்டு மூன்று வாரத்தில் வெள்ளை வேர் வந்துவிடும். கணு இல்லாத வெறும் இலையை வைத்துவிட்டு மாதக்கணக்கில் காத்திருக்காதீர்கள். வேர் வந்தாலும் கொடி வராது!

பாட்டில் வேண்டுமா? சட்டம் இதுதான்!

இப்போது மூன்றாவது மாடி வீட்டுக்கு வருவோம்.

டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் கொசுவுக்குச் சாக்கடை பிடிக்காது. நல்ல தண்ணீர்தான் பிடிக்கும். அதிகம் கூட வேண்டாம், ஒரு டம்ளர் தண்ணீர் போதும். பெண் கொசு முட்டைகளைத் தண்ணீரில் போடுவதை விட, தண்ணீர் மட்டத்துக்குச் சற்று மேலே, பாட்டிலின் உள்சுவரில் ஒட்டி வைக்கும். தண்ணீர் வற்றினாலும் அந்த முட்டை பல மாதம் உயிரோடு இருக்கும். மறுபடியும் தண்ணீர் அதைத் தொட்டதும் புழு வெளியே வரும்.

பாட்டி செய்தது என்னவென்று இப்போது புரிகிறதா? தண்ணீர் குறையக் குறைய மேலே ஊற்றினார். சுவரில் காய்ந்திருந்த முட்டைகளுக்குத் தானே நீர் வார்த்துவிட்டார். பாவம், தெரியாது!

நம் ஊர்ச் சூட்டில் முட்டையிலிருந்து பறக்கும் கொசு வரைக்கும் ஏறக்குறைய 7 முதல் 10 நாள். அதனால் வாரம் ஒரு முறை தண்ணீரை மாற்றினால் புழு கொசுவாவதற்குள் வெளியே போய்விடும். ஆனால் மாற்றினால் மட்டும் போதாது. முட்டை சுவரில் ஒட்டியிருக்கிறதே! ஆகவே:

1. வாரம் ஒரு முறை, உங்களுக்கு மறக்காத ஒரு கிழமையில், தண்ணீரை முழுவதும் கொட்டுங்கள். மண் தரையிலோ வெயில் தரையிலோ கொட்டுவது நல்லது. இன்னொரு வாளியில் கொட்டி வைக்காதீர்கள்.

2. பாட்டிலின் உள்சுவரைப் பிரஷ் போட்டு அழுத்தித் தேயுங்கள். வெறுமனே அலசுவது போதாது. பிரஷ் நுழையாத குறுகிய கழுத்துப் பாட்டில்களை இதற்கு உபயோகிக்க வேண்டாம்.

3. வேர்களையும் குழாய்த் தண்ணீரில் காட்டி அலசுங்கள். கொழகொழப்பான கறுப்பு வேர் இருந்தால் கத்தரித்து எறியுங்கள்.

4. புதுத் தண்ணீர் ஊற்றியதும், கொடியைச் சுற்றிப் பாட்டில் வாயைப் பஞ்சால் அல்லது கொசுவலைத் துணியால் அடைத்துவிடுங்கள். கொசு உள்ளே போகவே வழி இல்லை.

5. வாரா வாரம் செய்ய முடியாது என்று தோன்றினால், கொடியை மண்ணுக்கு மாற்றிவிடுங்கள். அதற்கும் சந்தோஷம், உங்களுக்கும் நிம்மதி.

கண்ணாடி பச்சையாகப் பாசி பிடிக்கிறது என்பவர்கள் நிறம் கலந்த பாட்டிலை உபயோகிக்கலாம். வெளிச்சம் குறைந்தால் பாசியும் குறையும். ஆனால் உள்ளே நெளிவதும் தெரியாது. அதனால் ஒன்றாம் விதியையும் இரண்டாம் விதியையும் இன்னும் கண்டிப்பாகப் பின்பற்ற வேண்டும்.

பாட்டிலை டி.வி. மேலேயோ, ஸ்டெபிலைசர், இன்வெர்ட்டர் மேலேயோ, ஸ்விட்ச் போர்டுக்கு நேர் மேலேயோ வைக்கவே கூடாது. ஒரு தட்டுத் தட்டினால் தண்ணீர் எங்கே போகும் என்று யோசித்துப் பாருங்கள்.

குழந்தை கடித்துவிட்டால்?

கருணைக்கிழங்கு நறுக்கினால் கை அரிக்கிறது, சரியாக வேகாவிட்டால் தொண்டை நமைக்கிறது இல்லையா? சேம்பு, கருணை, மணி பிளான்ட் எல்லாமே ஒரே குடும்பம். இவற்றின் சாற்றில் கால்சியம் ஆக்சலேட் என்ற உப்பு, கண்ணுக்குத் தெரியாத ஊசிகளாக இருக்கிறது. கடித்தால் அந்த ஊசிகள் நாக்கிலும் உதட்டிலும் குத்தும். உடனே எரிச்சல், வீக்கம், எச்சில் ஒழுகல்.

பெரும்பாலும் முதல் கடியிலேயே வலி தாங்காமல் குழந்தை துப்பிவிடும். அதனால் உயிருக்கு ஆபத்தாக முடிவது அபூர்வம். ஆனாலும் தவழும் குழந்தை இருக்கும் வீட்டில் கவனம் வேண்டும். தொட்டியை உயரத்தில் வைத்துவிட்டு, கொடியைத் தரை வரைக்கும் தொங்க விட்டால் என்ன பிரயோஜனம்? குழந்தை அதைப் பிடித்து இழுத்தால் தொட்டியே தலையில் விழும்.

கடித்துவிட்டால் பதறாதீர்கள்.

வாயில் இருக்கும் இலையை ஈரத் துணியால் துடைத்து எடுங்கள். வாயைக் குளிர்ந்த தண்ணீரால் அலம்புங்கள். விழுங்க முடிகிற குழந்தைக்குக் குளிர்ந்த பாலோ தண்ணீரோ சிறிது சிறிதாகக் கொடுங்கள். வாந்தி எடுக்க வைக்காதீர்கள். ஊசி தொண்டையை இரண்டாம் தடவை குத்தும். கருணைக்குப் புளி போடுகிறோமே என்று குழந்தை வாயில் புளியைத் தடவாதீர்கள். அது சமையல் பக்குவம், முதலுதவி இல்லை. கண்ணில் சாறு பட்டால் கசக்காமல், ஓடும் சுத்தமான தண்ணீரில் 15 நிமிடம் கழுவிவிட்டு டாக்டரிடம் காட்டுங்கள்.

மூச்சுத் திணறல், நாக்கோ தொண்டையோ வீங்குவது, எச்சிலைக்கூட விழுங்க முடியாமல் போவது, இவற்றில் எது தெரிந்தாலும் வீட்டு வைத்தியம் பார்த்துக்கொண்டு இருக்க வேண்டாம். உடனே ஆஸ்பத்திரி. தமிழ்நாட்டில் 108-ஐக் கூப்பிடுங்கள். முடிந்தால் கடித்த இலையில் ஒன்றைக் கையோடு எடுத்துப் போங்கள். எந்தச் செடி என்று டாக்டருக்குத் தெரிவது நல்லது.

நாய், பூனைக்கும் இதே எரிச்சல்தான். செடியை வெட்டின பிறகு நீங்களும் சோப்புப் போட்டுக் கை கழுவிவிட்டுத்தான் கண்ணைத் தொட வேண்டும்.

காற்றைச் சுத்தம் பண்ணுமா?

"நாசாவே சொல்லியிருக்கு!" என்று செடிக்கடையில் சொல்வார்கள். உண்மைதான், பாதி. 1989-ல் அமெரிக்க விண்வெளி நிறுவனமான நாசாவின் ஆய்வில், மூடி முத்திரையிட்ட சின்னப் பெட்டிகளுக்குள் செடிகளை வைத்து, பென்சீன், ஃபார்மால்டிஹைடு போன்ற வாயுக்களைச் செலுத்திப் பார்த்தார்கள். வாயுக்கள் குறைந்தன. மணி பிளான்ட்டும் அந்தப் பட்டியலில் இருந்தது.

ஆனால் உங்கள் வீடு மூடின பெட்டி இல்லையே! கதவு, ஜன்னல் வழியாகக் காற்று போய் வருகிறது. 2019-ல் அமெரிக்காவின் ட்ரெக்செல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் பழைய சோதனைகளையெல்லாம் சேர்த்துக் கணக்குப் போட்டார்கள். சாதாரணக் காற்றோட்டம் செய்கிற வேலையைச் செடிகள் செய்ய வேண்டுமானால், ஒவ்வொரு சதுர மீட்டர் தரைக்கும் 10 முதல் 1,000 செடி வேண்டும் என்று வந்தது. அப்புறம் நாம் எங்கே உட்காருவது?

ஆகவே செடியை நம்பி ஜன்னலை மூடாதீர்கள். சமைக்கும்போது புகைபோக்கி விசிறியைப் போடுவதும், கொசுவத்திப் புகையைக் குறைப்பதும், காலையில் ஜன்னலைத் திறப்பதும்தான் வீட்டுக் காற்றுக்கு நிஜமான வைத்தியம். வீட்டில் ஆஸ்துமாக்காரர் இருந்தால், எப்போதும் சொதசொதவென்று ஈரமாக இருக்கும் தொட்டி மண்ணில் பூஞ்சை வரும் என்பதையும் ஞாபகம் வையுங்கள். விரல் சோதனை அங்கேயும் உதவும்.

"ராத்திரியில செடி நம்ம ஆக்ஸிஜனை எடுத்துக்குமாமே?" என்று பயப்படுகிறவர்களும் உண்டு. செடியும் சுவாசிக்கிறது. ஆனால் பக்கத்தில் படுத்திருக்கும் மனிதர் எடுத்துக்கொள்வதோடு ஒப்பிட்டால் அது சொற்பம். படுக்கையறையில் ஒரு தொட்டி இருந்தால் ஒன்றும் ஆகிவிடாது.

அப்படியானால் என்னதான் லாபம்?

இருக்கிறது. அது மனசுக்கு.

1976-ல் எலன் லாங்கர், ஜூடித் ரோடின் என்ற இரண்டு மனோதத்துவ நிபுணர்கள் அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்தில் ஒரு முதியோர் இல்லத்தில் செய்த ஆய்வு இன்றும் பேசப்படுகிறது. ஒரு பிரிவினருக்கு, தங்கள் அன்றாட விஷயங்களைத் தாங்களே தீர்மானிக்கலாம் என்று சொல்லி, விரும்பிய செடியைத் தேர்ந்தெடுத்துத் தாங்களே பராமரிக்கச் சொன்னார்கள். இன்னொரு பிரிவினருக்கும் செடி கொடுத்தார்கள். ஆனால் தண்ணீர் ஊற்றும் வேலையை நர்ஸ்களே பார்த்துக்கொண்டார்கள். சில வாரங்களில், முதல் பிரிவினர் அதிகச் சுறுசுறுப்பாகவும் சந்தோஷமாகவும் இருந்தது தெரிந்தது.

செடி மட்டுமே காரணம் என்று சொல்ல முடியாது. 'இது என் பொறுப்பு' என்கிற எண்ணமும் சேர்ந்துதான் அந்த மாற்றம். நம் வீடுகளில் என்ன செய்கிறோம்? "நீங்க சும்மா உக்காருங்கப்பா, நாங்க பாத்துக்கறோம்" என்று அன்பாகவே ஒவ்வொரு வேலையாகப் பிடுங்கிவிடுகிறோம். ரிடையரான அப்பாவுக்கும், முட்டி வலியால் வெளியே போக முடியாத அத்தைக்கும் கனமில்லாத, குனிய வேண்டாத, தினமும் ஒரு புதுத் துளிர் காட்டுகிற ஒரு வேலை வேண்டும். தப்புப் பண்ணினாலும் மன்னித்துவிடுகிற செடியாகவும் இருந்தால் இன்னும் நல்லது. அதற்கு மணி பிளான்ட்டை விடப் பொருத்தமானது ஏது?

இலை பேசும் பாஷை

அடி இலைகள் ஒன்றிரண்டு மஞ்சள்: வயசாகிவிட்டது. கிள்ளி எடுங்கள்.

பல இலைகள் ஒரே சமயம் மஞ்சள், மண் ஈரம்: தண்ணீர் அதிகம். நிறுத்துங்கள். தேறாவிட்டால் தொட்டியிலிருந்து எடுத்து, அழுகின வேரை வெட்டிப் புது மண்ணில் நடுங்கள்.

இலை துவண்டு, மண் காய்ந்து, தொட்டி லேசாக இருக்கிறது: தாகம். ஊற்றினால் நிமிர்ந்துவிடும்.

நுனி மட்டும் பழுப்பு: உப்புத் தண்ணீர், வறண்ட ஏ.ஸி. காற்று அல்லது அதிக உரம்.

கணுக்களில் வெள்ளைப் பஞ்சு: மாவுப்பூச்சி. சோப்புத் தண்ணீரில் நனைத்த பஞ்சால் துடைத்து எடுங்கள். பிறகு ஒரு லிட்டர் தண்ணீரில் ஒரு டீஸ்பூன் வேப்பெண்ணெய், சில துளி சோப்புத் திரவம் கலந்து வாரம் ஒரு முறை தெளியுங்கள்.

இலையில் தூசி: ஈரத் துணியால், இலையின் அடியில் கையைக் கொடுத்துத் துடையுங்கள். பளபளப்புக்காகத் தேங்காய் எண்ணெய் தடவ வேண்டாம். இன்னும் அதிகத் தூசிதான் ஒட்டும்.

கடைசியாக ஒன்று. வெட்டிப் போட்ட கொடிகளை ஏரிக்கரையிலோ, தோப்பிலோ, மலைக்காட்டு ஓரத்திலோ வீசிவிடாதீர்கள். ஒரு கணு போதுமே! ஹவாய், இலங்கை போன்ற இடங்களில் காட்டுக்குள் பரவி, அந்த மண்ணின் செடிகளை மூடித் தொந்தரவு கொடுக்கிறது இதே கொடிதான். வேண்டாததைச் சின்னத் துண்டுகளாக நறுக்கி, வெயிலில் நன்றாகக் காய வைத்த பிறகு குப்பையில் போடுங்கள். இல்லையென்றால் வேர் விட வைத்து யாருக்காவது கொடுங்கள்.

அந்த மூன்றாவது மாடி வீட்டில் பாட்டியின் கொடி இன்னும் இருக்கிறது. பாட்டிலில் இல்லை, துளை போட்ட ஒரு மண் தொட்டியில். ஞாயிற்றுக்கிழமை காலையில் பாட்டியும் பேரனும் தட்டைக் கவிழ்த்து, துடைத்து, மண்ணில் விரல் விட்டுப் பார்க்கிறார்கள். "பாட்டி, இன்னிக்கு வேணாம், ஈரமா இருக்கு" என்று தீர்ப்புச் சொல்வது பேரன்தான்.

உங்கள் வீட்டிலும் பத்து நிமிட வேலைதான். இப்போதே எழுந்து போய் அந்தப் பாட்டிலை வெளிச்சத்தில் ஒரு தரம் தூக்கிப் பாருங்களேன்!